கோதாவிலிருந்து திரைக்கு வந்த தாரா சிங்

உங்கள் வீட்டில் மூத்தவர்கள் இருந்தால், மல்யுத்த வீரர் தாரா சிங் என்று சொல்லிப் பாருங்கள். அவருடன் மோதிய கிங் காங் பெயரும் கூடவே வரும்.

பஞ்சாப் கிராமமொன்றில் 1928-இல் பிறந்த தாரா சிங், 1940களின் இறுதியில் பிழைப்புத் தேடி சிங்கப்பூர் வந்தார். பகலில் ஆலை வேலை. ஹர்னாம் சிங்கிடம் குஸ்திப் பயிற்சி. தர்லோக் சிங்கை வீழ்த்தி மலாயாவின் வெற்றிவீரர் ஆனார். மலாயா மண் கொடுத்த அந்தப் பட்டத்தோடுதான் அவர் இந்தியா திரும்பினார்! மலைபோன்ற உடம்புக்கார மல்யுத்த வீரர் கிங் காங்குடன் நடந்த மோதல்கள் அவர் புகழை எங்கும் பரப்பின.

1962-இல் இந்தித் திரையில் நாயகன். படத்தின் பெயரே ‘கிங் காங்’.

1987-இல், அறுபதை நெருங்கும் வயதில், ராமானந்த் சாகரின் ‘ராமாயண்’ தொலைக்காட்சித் தொடரில் அனுமனாக வந்தார். கதாயுதம் தாங்க அதைவிடப் பொருத்தமான தோள் கிடைத்திருக்காது. 2003-இல் மாநிலங்களவை நியமன உறுப்பினரும் ஆனார்.