கனமூலம் காணும் வழிகள்

ஓர் எண்ணை மூன்று முறை எழுதிப் பெருக்கினால் கிடைப்பது அதன் கனம். அந்தக் கனத்திலிருந்து பழைய எண்ணுக்குத் திரும்புவதுதான் கனமூலம் காண்பது. 5-இன் கனம் 125. 125-இன் கனமூலம் 5. குறை எண்ணுக்கு மெய்யெண்களில் வர்க்கமூலம் கிடையாது. கனமூலத்துக்கு அந்தத் தடை இல்லை: −125-இன் கனமூலம் −5.

பள்ளியில் முதலில் கற்றுத் தருவது பகாக் காரணிப்படுத்தல். 1728-ஐப் பகா எண்களாகப் பிரித்தால் ஆறு 2-களும் மூன்று 3-களும் வரும். மும்மூன்றாகச் சேர்த்து, ஒவ்வொரு மூன்றுக்கும் ஒன்றை எடுத்துப் பெருக்கினால் 12. சின்ன எண்களுக்குச் சரி. 12,167 என்று கொடுத்தால் 23 வரை வகுத்துப் பார்த்த பிறகே முதல் காரணி கிட்டும்.

போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள் இதையே மனக்கணக்காகப் போட்டுவிடுவார்கள். கனத்தின் கடைசி இலக்கம் 7 என்றால் மூலத்தின் கடைசி இலக்கம் 3, 3 என்றால் 7, 2-க்கு 8, 8-க்கு 2, மற்றவை மாறாது. கடைசி மூன்று இலக்கங்களை விட்டால் மிஞ்சும் 12, இரண்டின் கனமான 8-க்கும் மூன்றின் கனமான 27-க்கும் நடுவில் இருக்கிறது. ஆகவே 23. இந்தக் குறுக்குவழியை நம்பித்தான் பலர் ஏமாறுகிறார்கள். 12,177-க்கும் இது கூசாமல் 23 என்றே சொல்லும். முழுக் கனம் என்று முன்பே தெரிந்த எண்ணுக்கு மட்டுமே இது உதவும்.

எந்த எண்ணுக்கும் பொருந்தும் முறையை கி.பி. 499-இல், தம் 23-ஆம் வயதில் எழுதிய ஆரியபடீயத்தில், ஆரியபடர் ஒரே செய்யுளில் அடக்கிவிட்டார். சீனர்களின் கணித நூலில் இதற்கு முன்பே ஒரு முறை உண்டு; இந்தியாவில் கிடைப்பவற்றில் ஆரியபடருடையதே பழையது. ஆரியபடீயத்தின் செம்பதிப்பு 1976-இல் புதுதில்லியிலிருந்து வெளிவந்தது. கே.எஸ். சுக்லாவுடன் சேர்ந்து அதைப் பதிப்பித்த கே.வி. சர்மா பின்னாளில் சென்னை அடையாறில் இருந்து, ஓலைச்சுவடிகளில் கிடந்த கணித, வானியல் நூல்களைத் தேடிப் பதிப்பித்தவர்.

ஆரியபடர் வலமிருந்து ஒன்றாம் இடத்தைக் கனம் என்றும், அடுத்த இரண்டையும் அகனம் என்றும் குறிக்கிறார். பிறகு மறுபடியும் கனம். 12,167-இல் கன இடத்தோடு முடியும் முதல் பகுதி 12. அதில் அடங்கும் பெரிய கனம் 8. மூலம் 2, மீதி 4. அடுத்த இலக்கம் 1-ஐ இறக்கினால் 41. அதை மூலத்தின் வர்க்கத்தைப் போல் மூன்று மடங்கான 12-ஆல் வகுத்தால் ஈவு 3, மீதி 5. 6-ஐ இறக்க 56. ஈவின் வர்க்கம் 9, அதை 2-ஆலும் 3-ஆலும் பெருக்கிய 54-ஐக் கழிக்க 2. 7-ஐ இறக்க 27. ஈவின் கனம் 27-ஐக் கழித்தால் மீதி இல்லை. விடை 23. ஈவு பெரிதாகிக் கழிக்க முடியாமல் போனால் ஒன்றைக் குறைத்துக்கொள்ள வேண்டும். எண் முழுக் கனம் இல்லை என்றால் பூஜ்யங்களைச் சேர்த்துத் தசமத்துக்கும் போகலாம்.

தசம விடைக்கு நியூட்டன் பெயரால் வழங்கும் முறை இன்னும் சுலபம். தியாகராய நகரில் ஓர் அடுக்ககத்துக்கு 12,000 லிட்டர் லாரித் தண்ணீர் மொத்தமும் கொள்ளும் கனசதுரத் தொட்டி வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். அது 12 கன மீட்டர். பக்கம் 2.3 மீட்டர் என்று ஊகித்து, அதன் வர்க்கமான 5.29-ஆல் 12-ஐ வகுத்தால் 2.268. இதோடு ஊகத்தை இருமுறை கூட்டி மூன்றால் வகுத்தால் 2.289. ஒரே சுற்றில் மூன்று தசம இடம் சரியாகிவிட்டது. தண்ணீர் இரு மடங்கானாலும் பக்கம் இரு மடங்காக வேண்டியதில்லை. 2-இன் கனமூலமான 1.26 மடங்கு போதும்.

பன்னிரண்டாம் வகுப்பில் கலப்பெண்கள் வரும்போது, பூஜ்யம் தவிர்த்த எந்த எண்ணுக்கும் மூன்று கனமூலங்கள் உண்டு என்று தெரியவரும். 8-க்கு 2 மட்டும் அல்ல. −1+i√3, −1−i√3 என்பவையும் மூலங்களே. தளத்தில் குறித்தால் மூன்றும் 120 பாகை இடைவெளியில் ஒரே வட்டத்தின் மேல் நிற்கும்.

கனமூலத்துக்குள் கனமூலம் வந்தால்? இந்தியக் கணிதச் சங்கத்தின் இதழில் ராமானுஜன் விடுத்த கேள்விகளில் ஒன்று அதைப் பற்றியது. 2-இன் கனமூலத்திலிருந்து 1-ஐக் கழித்து, வருவதற்குக் கனமூலம் கண்டால், அது 1/9, 4/9 ஆகியவற்றின் கனமூலங்களைக் கூட்டி 2/9-இன் கனமூலத்தைக் கழித்ததற்குச் சமம் என்று நிறுவச் சொன்னார். கால்குலேட்டரில் போட்டுப் பாருங்கள். இரு பக்கமும் 0.638 வரும். நிறுவுவதற்குக் காகிதமும் பேனாவும் வேண்டும்.