பியூஸ் சிறிது, அது காக்கும் முதல் பெரிது

வியாபாரத்துக்கென வேன் அல்லது லொறி வைத்திருக்கும் நம்மவர்கள் டயரைப் பார்ப்பார்கள், எண்ணெய் பார்ப்பார்கள், காப்புறுதி முடியும் திகதியைக் கூட நினைவில் வைத்திருப்பார்கள். ஆனால் வண்டியின் பியூஸ் பெட்டி எங்கே இருக்கிறது என்று கேட்டால் பலரும் சாரதியின் முகத்தைப் பார்ப்பார்கள். சாரதி கராஜ் பாஸின் பெயரைச் சொல்வார். ஒரு பிளேன்டீயின் விலைக்குக் கிடைக்கும் இந்தச் சிறு பொருள் ஒரு நாள் வியாபாரத்தை நிறுத்திவிடக் கூடியது. அதைத் தவறாகக் கையாண்டால் வண்டியையே இழக்க நேரிடலாம்.

எனக்குத் தெரிந்த பென்சி சாமான் வியாபாரி ஒருவர் வாராந்தச் சந்தைகளுக்குப் பொருள் ஏற்றிச் செல்பவர். ஸுபஹ் தொழுதுவிட்டுப் புறப்பட்டால் இஷாவுக்குப் பிறகே வீடு திரும்புவார். மழைக்காலத்தில் ஒருநாள் மலைப்பாதையில் வைப்பர் நின்றுவிட்டது. பியூஸ் எரிந்திருந்தது, மாற்றுவதற்கு வேறொன்று கையில் இல்லை. சாரதிப் பையன் சிகரட் பெட்டியின் வெள்ளித்தாளைச் சுருட்டி, எரிந்த பியூஸில் சுற்றிச் செருகினான். வைப்பர் ஓடியது. "பாத்தீங்களா நானா, வேலை முடிஞ்சுது" என்றான். அன்றைய சந்தை தப்பியது. அந்த வெள்ளித்தாளை எல்லோரும் மறந்துபோனார்கள்.

சில வாரங்கள் கழித்து மீண்டும் ஒரு பெருமழை. வைப்பர் பாதியில் இறுகி நின்றது. சற்று நேரத்தில் டேஷ்போர்டின் கீழிருந்து புகை கிளம்பியது. பெட்டரி வயரை அவசரமாகக் கழற்றியதால் வண்டி முழுமையாக எரியாமல் தப்பியது, அல்ஹம்துலில்லாஹ். ஆனால் உள் வயரிங் கருகிவிட்டது. இரண்டு வாரங்கள் வேன் கராஜில் நின்றது. வாடகை வண்டிக்கும் வயரிங் வேலைக்கும் கொடுத்த பணத்தில் பெட்டி பெட்டியாகப் பியூஸ் வாங்கியிருக்கலாம்.

கராஜ் பாஸ் சொன்ன வார்த்தைதான் முக்கியமானது. "முதலாளி, பியூஸ்ல பிழையில்ல. வைப்பர் மூட்டு துருப்பிடிச்சு இறுகியிருக்கு. மோட்டர் சுத்த முடியாம கரண்ட கூடுதலா இழுத்திருக்கு. அதத்தான் பியூஸ் சொல்லியிருக்கு. நீங்க அதோட வாய அடைச்சிட்டீங்க."

இக்கட்டுரையின் சாரமும் இதுவே. பியூஸ் எரிவது நோயல்ல, நோயின் அறிவிப்பு.

பியூஸ் செய்யும் வேலை

பியூஸுக்குள் இருப்பது மெல்லிய உலோகத் துண்டு. குறித்த அளவுக்கு மேல் மின்சாரம் பாய்ந்தால் அது சூடேறி உருகி, மின்சாரத்தைத் துண்டித்துவிடும். ரேடியோவையோ பல்பையோ காப்பது அதன் முதல் வேலை என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அது காப்பது வயரைத்தான். வயர் தாங்கக்கூடிய அளவைக் கணக்கிட்டே அந்த இடத்தில் 10 அம்பியரா, 20 அம்பியரா என்று தயாரிப்பாளர் தீர்மானிக்கிறார். பியூஸ் உருக மறுத்தால் அடுத்ததாக உருகப்போவது வயரின் பிளாஸ்டிக் உறை. அதன் பக்கத்தில் ஆசனத்தின் பஞ்சும், ஏற்றியிருக்கும் துணி மூட்டைகளும் இருக்கும்.

எங்கே தேடுவது?

பெரும்பாலான வாகனங்களில் குறைந்தது இரண்டு பியூஸ் பெட்டிகள் உண்டு. ஒன்று உள்ளே, டேஷ்போர்டின் கீழ், பெரும்பாலும் சாரதியின் முழங்கால் அருகே அல்லது கதவோரப் பக்கச் சுவரில் ஒரு பிளாஸ்டிக் மூடிக்குப் பின்னால் இருக்கும். வைப்பர், ரேடியோ, உள் விளக்கு, சார்ஜர் போன்றவற்றின் பியூஸ்கள் பொதுவாக இங்கேதான் இருக்கும். மற்றது பொனட்டின் கீழ், பெட்டரிக்கு அருகே கறுப்புப் பெட்டியாக இருக்கும். ஹெட் லைட், ஹோர்ன், ரேடியேட்டர் பேன், என்ஜின் கட்டுப்பாடு ஆகியவற்றின் பியூஸ்களை இதில் காணலாம். முன் ஆசனத்தின் கீழ் என்ஜின் உள்ள வேன்களில் பெட்டரி இருக்கும் இடத்தைச் சுற்றித் தேடுங்கள்.

மூடியின் உட்புறத்தில் எந்த பியூஸ் எதற்குரியது என்று வரைபடம் இருக்கும். ஜப்பானிலிருந்து வந்த வண்டிகளில் அது ஜப்பான் மொழியில் இருந்து தொல்லை தரலாம். அப்படியானால் வயரிங் தெரிந்த ஒருவரிடம் ஒருமுறை கேட்டு, ஒரு தாளில் தமிழிலேயே எழுதி மூடிக்குள் ஒட்டிவிடுங்கள். வண்டி நடுவழியில் நிற்கும்போது அந்தத் தாளின் பெறுமதி தெரியும்.

பியூஸ்தான் காரணமா?

ஒரு பக்க விளக்கு மட்டும் எரியாவிட்டால் முதலில் பல்பைப் பாருங்கள். ஒரே நேரத்தில் இரண்டு மூன்று சாமான்கள் சேர்ந்து நின்றுவிட்டால் பியூஸில் சந்தேகம் கொள்ளலாம். போன் சார்ஜர் வேலை செய்யாமல் போனதற்குக் காரணம் சிகரட் லைட்டர் துளைக்குள் விழுந்த ஒரு சில்லறைக் காசாக இருந்ததும் உண்டு. ஓட்டோ கியர் வண்டி 'பி' நிலையிலிருந்து நகர மறுத்தால் கியர்பெட்டி போய்விட்டது என்று பதற வேண்டாம். பல வண்டிகளில் பிரேக் லைட்டின் பியூஸ் எரிந்தால் கியர் பூட்டும் திறக்காது. பிரேக்கை மிதிக்கும்போது பின்னால் சிவப்பு விளக்கு எரிகிறதா என்று ஒருவரைப் பார்க்கச் சொல்லுங்கள்.

பார்க்கும் முறை

இன்றைய வண்டிகளில் இருப்பவை பெரும்பாலும் இரண்டு கால்கள் கொண்ட தட்டையான பிளாஸ்டிக் பியூஸ்கள். பழைய வண்டிகளில் கண்ணாடிக் குழாய் வகையும் உண்டு. தட்டை பியூஸின் நிறமே அதன் அளவைச் சொல்லும். இளங்கபிலம் 5, கபிலம் 7.5, சிவப்பு 10, நீலம் 15, மஞ்சள் 20, வெள்ளை அல்லது நிறமற்றது 25, பச்சை 30 அம்பியர். நிறம் மங்கியிருந்தால் தலையில் உள்ள இலக்கத்தைப் பாருங்கள்.

சாவியைக் கழற்றி எல்லா சுவிட்சுகளையும் அணைத்துவிட்டு, பெட்டிக்குள்ளேயே வைத்திருக்கும் சிறிய பிளாஸ்டிக் இடுக்கியால் பியூஸை நேராக இழுத்தெடுங்கள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் உள்ளே வளைந்து செல்லும் உலோகம் முழுதாக இருக்கிறதா, அறுந்திருக்கிறதா என்று தெரியும். ஒன்றைப் பார்த்து அதே இடத்தில் செருகிய பின்னரே அடுத்ததை எடுங்கள். நாலைந்தை ஒன்றாகக் கழற்றினால் எது எங்கே இருந்தது என்பது மறந்துவிடும்.

கண்ணுக்குத் தெரியாத முறிவும் உண்டு. அதற்கு உதிரிப்பாகக் கடைகளில் கிடைக்கும் டெஸ்ட் லைட் ஒன்று போதும். அதன் கிளிப்பை வண்டியின் வெறும் இரும்பில் மாட்டி, சாவியைத் திருப்பி உரிய சுவிட்சையும் போட்டு, பியூஸைக் கழற்றாமலே அதன் தலையில் உள்ள இரண்டு சிறு உலோகப் புள்ளிகளைத் தொடுங்கள். இரண்டிலும் விளக்கு எரிந்தால் பியூஸ் நல்லது. ஒன்றில் மட்டும் எரிந்தால் பியூஸ் போய்விட்டது. இரண்டிலும் எரியாவிட்டால் அந்த இடத்துக்கு மின்சாரமே வரவில்லை. அப்போது குறை வேறெங்கோ இருக்கிறது. இரண்டு பெட்டரி போட்ட லொறிகளில் இருப்பது 24 வோல்ட். அதற்கேற்ற டெஸ்ட் லைட்டையே பயன்படுத்த வேண்டும்.

பியூஸின் உலோகம் முழுதாக இருந்தும் பிளாஸ்டிக் உருகியிருந்தால், அது செருகும் இடம் தளர்ந்து சூடேறுவதன் அடையாளம். புதிய பியூஸ் போட்டாலும் அது தீராது, அந்த இடத்தையே திருத்த வேண்டும்.

மாற்றும்போது

அதே அளவு, அதே உருவம். இதில் விட்டுக்கொடுப்புக்கு இடமில்லை. நடுவழியில் கையில் இல்லாவிட்டால் ரேடியோ, சிகரட் லைட்டர் போன்ற அவசியமற்ற இடத்திலிருந்து அதே இலக்கமுள்ள பியூஸை எடுத்துப் போட்டுக்கொண்டு ஊர் சேரலாம். அதுவும் இல்லையென்றால் குறைந்த அளவைப் போடலாம். அது சீக்கிரம் எரியலாம், ஆனால் வயருக்குத் தீங்கு செய்யாது. கூடிய அளவை மட்டும் போடவே கூடாது. வெள்ளித்தாள், வயர்த் துண்டு, ஆணி ஆகியவற்றைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை.

புதிய பியூஸ் போட்டவுடன் அதுவும் எரிந்தால் மூன்றாவதைப் போடாதீர்கள். எங்கோ வயர் உரசி இரும்பில் படுகிறது, அல்லது ஒரு மோட்டர் இறுகியிருக்கிறது. களஞ்சியத்துக்குப் பக்கத்தில் நிறுத்தும் வண்டிகளில் எலி கடித்த வயரும் வழமையான காரணம். வயர்மேனிடம் காட்டுங்கள்.

ஒரு சிறு கணக்கு

கணக்கு தெரிந்தவர்களுக்கு இது இலகு. வொட் அளவை வோல்ட்டால் பிரித்தால் அம்பியர் வரும். 60 வொட் பல்புகள் இரண்டு, மொத்தம் 120 வொட். 12 ஆல் பிரித்தால் 10 அம்பியர். இரண்டும் ஒரே வழியில் இணைந்திருந்தால் 15 அம்பியர் பியூஸ் தாராளமாகத் தாங்கும். வெளிச்சம் கூட வேண்டும் என்று 100 வொட் பல்புகள் இரண்டைப் போட்டால் 200 வொட், ஏறக்குறைய 17 அம்பியர். இப்போது 15 அம்பியர் பியூஸ் எரியக்கூடும். உடனே நம்மவர் 30 அம்பியர் பச்சை பியூஸைப் போடுகிறார். விளக்கு பிரகாசமாக எரிகிறது. ஆனால் 15 அம்பியர் பாதுகாப்பை நம்பிப் போட்ட வயர் இரவு முழுவதும் 17 அம்பியரைச் சுமக்கிறது. எங்காவது உரசல் ஏற்பட்டாலும் 30ஐத் தாண்டும் வரை தடுக்க யாருமில்லை.

பாண் விற்கும் முச்சக்கரவண்டிக்கு எம்ப்ளிபயர் பூட்டுவோரும், வேனுக்கு மேலதிக விளக்கு போடுவோரும் இதைக் கவனிக்க வேண்டும். இருக்கும் வயரில் ஒட்டுப்போடாமல், பெட்டரியிலிருந்து தனி வயர் இழுத்து, அதற்குத் தனி பியூஸும் போடச் சொல்லுங்கள். அந்தப் பியூஸ் பெட்டரிக்கு அருகிலேயே இருக்க வேண்டும். ஏனெனில் பெட்டரிக்கும் பியூஸுக்கும் இடைப்பட்ட வயருக்கு அந்தப் பியூஸ் பாதுகாப்பல்ல.

நாம் கைவைக்கக் கூடாதவை

ஹைபிரிட் வாகனங்களில் செம்மஞ்சள் நிற உறையுள்ள கேபிள்களையும் அவற்றோடு சேர்ந்த பெட்டிகளையும் தொடாதீர்கள், அவற்றில் உயிராபத்தான மின்னழுத்தம் உண்டு. எயார்பேக் பியூஸும், பெட்டரி அருகே திருகாணியால் முடுக்கிய பெரிய மெயின் பியூஸும் பயிற்சி பெற்றவரின் வேலை. பெட்டரிக்கு ஜம்ப் கொடுக்கும்போது பிளஸ்ஸையும் மைனஸையும் மாற்றிக் கொடுத்தால் முதலில் போவது இந்த மெயின் பியூஸ்தான்.

வண்டியும் ஒரு முதல்தான்

2020 மார்ச்சில் நிறுத்தப்பட்ட வாகன இறக்குமதி, தனியார் வாகனங்களைப் பொறுத்தவரை 2025 பெப்ரவரியில்தான் மீண்டும் அனுமதிக்கப்பட்டது. இடைப்பட்ட காலத்தில் பழைய வண்டிகளையே வைத்துத் தொழில் செய்தோம். இன்னும் பலருடைய நிலை அதுதான். பழைய வயர் உறை காய்ந்து வெடிக்கும், மூட்டுகள் துருப்பிடிக்கும். அதிலும் மூன்றாந்தரப்புக் காப்புறுதி மட்டும் எடுத்திருப்பவருக்கு, சொந்த வண்டி எரிந்தால் அதிலிருந்து ஒரு சதமும் கிடைக்காது. உள்ளே இருக்கும் சரக்கு கடனுக்கு எடுத்ததாக இருக்கலாம். ஓட்டிச் செல்லும் பையன் இன்னொருவரின் பிள்ளை. இவையெல்லாம் நம் பொறுப்பில் உள்ள அமானிதங்கள்.

செய்ய வேண்டியது அதிகமில்லை. உங்கள் வண்டிக்குரிய அளவுகளில் இரண்டிரண்டு பியூஸ்கள், ஒரு டெஸ்ட் லைட், ஒரு சிறு டோர்ச் ஆகியவற்றை ஒரு பழைய டின்னில் போட்டு வண்டியில் வையுங்கள். பியூஸை நம்பகமான உதிரிப்பாகக் கடையில் வாங்குங்கள். தரமற்றது உருக வேண்டிய நேரத்தில் உருகாமல் இருந்துவிடலாம். வரும் வெள்ளிக்கிழமை கடை மூடியிருக்கும் நேரத்தில் சாரதியோடு பத்து நிமிடம் அமர்ந்து பெட்டியைத் திறந்து பாருங்கள். முன்பு யாராவது சுற்றிவைத்த கம்பியோ வெள்ளித்தாளோ அகப்பட்டால் அன்றே அகற்றிவிடுங்கள். தவக்குல் வைப்பது நாம் செய்ய வேண்டியதைச் செய்த பிறகுதான்.

கடையில் நட்டம் என்று உண்மையைச் சொல்லும் கணக்கப்பிள்ளையை யாரும் வேலையை விட்டு நிறுத்துவதில்லை, நட்டம் எங்கே என்றுதான் தேடுவோம். எரிந்த பியூஸும் அந்தக் கணக்கப்பிள்ளையைப் போன்றதே.