கூடாரம் அடித்த பெண்கள்!

"பெண் பிள்ளைக்குக் காடும் மலையும் எதற்கு?"

இப்படிக் கேட்கும் பெற்றோர் இன்றும் உண்டு. தேனிச் சீமையில் இந்தக் கேள்வி எழுவதற்குக் காரணமும் இருக்கிறது.

போடிநாயக்கனூருக்கு மேலே உள்ளது குரங்கணி மலை. 2018-ம் ஆண்டு மார்ச் 11-ந் தேதி, அங்கே மலையேறச் சென்றவர்களைக் காட்டுத் தீ சூழ்ந்துகொண்டது. 20-க்கும் மேற்பட்டவர்கள் உயிர் இழந்தார்கள். அவர்களில் பெண்கள் பலர். நாடே கண்ணீர் வடித்தது.

ஆனால் அந்தக் கேள்வி புதிது அல்ல. 100 ஆண்டுகளுக்கு முன்பே எழுந்தது. அதற்குப் பதில் சொன்னவர்கள் யார் தெரியுமா? சின்னஞ்சிறு பெண்கள்!

அழைக்காமல் வந்தவர்கள்

லண்டன் நகரில் 'கிரிஸ்டல் பாலஸ்' என்ற கண்ணாடி மாளிகை இருந்தது. 1909-ம் ஆண்டு செப்டம்பரில் அங்கே சாரணர் பேரணி நடந்தது. ஆயிரக்கணக்கான சிறுவர்கள் கூடினார்கள். சாரணர் இயக்கத்தைத் தொடங்கிய பேடன் பவல் அவர்களைப் பார்வையிட்டார்.

அந்தக் கூட்டத்தில் சில சிறுமிகளும் நின்றார்கள்! யாரும் அவர்களை அழைக்கவில்லை. "எங்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள்" என்பதே அவர்கள் கோரிக்கை.

பெண்கள் ஓடி ஆடுவது அடக்கம் அல்ல என்று இங்கிலாந்திலேயே பலர் எண்ணிய காலம் அது. ஆனாலும் 1910-ல் பெண்களுக்கென்று தனி இயக்கம் பிறந்தது. பேடன் பவலின் தங்கை ஆக்னஸ் அதற்குப் பொறுப்பு ஏற்றார்.

இந்தியாவில் சாரணியர்

அடுத்த ஆண்டே, 1911-ல், மத்திய இந்தியாவில் உள்ள ஜபல்பூரில் முதல் சாரணியர் குழு தோன்றியது. ஆனால் அதில் இந்தியச் சிறுமிகளுக்கு இடம் இல்லை. 1916-ல்தான் அவர்களுக்குக் கதவு திறந்தது.

அப்போது நம் வீடுகளில் நிலைமை என்ன? பெண் வயதுக்கு வந்தால் பள்ளிக்கூடம் நின்றுவிடும். அதற்கு முன்பே கல்யாணம் ஆன சிறுமிகளும் ஏராளம். குழந்தை மணத்தைத் தடுக்கும் சட்டம் வந்ததே 1929-ல்தான். அப்படிப்பட்ட நாளில் வீட்டை விட்டு வெளியே வந்து, கூடாரத்தில் ஓர் இரவு தங்குவது சின்னக் காரியமா?

முகாமில் என்ன வேலை?

சாரணியர் முகாம் உல்லாசப் பயணம் அல்ல. கூடாரத்தை அவர்களே அடிக்க வேண்டும். மழைநீர் உள்ளே வராமல் சுற்றிலும் வாய்க்கால் வெட்ட வேண்டும். கல் அடுப்பு மூட்டிச் சமைக்க வேண்டும்.

கழுத்தில் கட்டும் துணி அழகுக்கு மட்டும் அல்ல. கை முறிந்தவருக்கு அதுவே தூளி. இரண்டு கம்புகளையும் ஒரு போர்வையையும் கொண்டு, அடிபட்டவரைத் தூக்கிச் செல்லும் படுக்கை செய்வார்கள். நட்சத்திரத்தைப் பார்த்துத் திசை அறிவார்கள்.

புறப்படும்போது அடுப்பில் தண்ணீர் ஊற்றி, மண் போட்டு மூட வேண்டும். கையை வைத்துப் பார்த்தால் சூடு இருக்கக் கூடாது. அதன் பிறகே நடை!

'தயாராக இரு' என்பதே அவர்கள் தாரக மந்திரம்.

நாடு விடுதலை பெற்றபின், 1950-ல் பாரத சாரணர் இயக்கம் உருவாயிற்று. 1951-ம் ஆண்டு ஆகஸ்டு 15-ந் தேதி சாரணியரும் அதில் இணைந்தார்கள். 1966-ல் புனே நகரில் சாரணியருக்கான உலக மையம் ஒன்று திறக்கப்பட்டது. அதன் பெயர் 'சங்கம்'.

மலை சொல்லும் பாடம்

கோடையில் மலைப் புல் காய்ந்து கிடக்கும். சரிவில் பிடித்த தீ, மனிதன் ஓடுவதைவிட வேகமாக மேலே ஏறும். ஆண், பெண் என்று அது பார்ப்பது இல்லை.

குரங்கணித் துயரத்துக்குப் பிறகு, மலையேற்றத்துக்குத் தமிழக அரசு விதிகள் வகுத்தது. 2024-ல் அரசே 40 மலைப் பாதைகளை அறிவித்தது. பயிற்சி பெற்ற வழிகாட்டிகள் உடன் வருகிறார்கள். காட்டுத் தீக் காலத்தில் பாதைகள் மூடப்படுகின்றன.

கம்பம் பள்ளத்தாக்கில் பிறந்த பெண்ணுக்கு வாசலில் நின்றாலே மலை தெரியும். "போய்ப் பார்க்கட்டுமா?" என்று அவள் ஒருநாள் கேட்கத்தான் செய்வாள்.

அப்போது, "பெண்ணுக்கு எதற்கு?" என்று கேட்காதீர்கள். "எந்தப் பாதை? அனுமதி உண்டா? வழிகாட்டி யார்? எத்தனை மணிக்குத் திரும்புவாய்?" என்று கேளுங்கள்.

மகன் புறப்பட்டாலும் இதையே கேளுங்கள்!