பரணில் கிடக்கும் நியூஸ்ரீல்

அமெரிக்காவின் ஃபாக்ஸ் நிறுவனம் 1919-ல் மௌனச் செய்திப்படம் எடுக்கத் தொடங்கியது. ஊர்வலம், அழகிப் போட்டி, வெள்ளம், அதிபரின் கைகுலுக்கல் எல்லாம் நியூஸ்ரீலாகித் தியேட்டர்களுக்குப் போகும். 1927-ல் விமானி லிண்ட்பெர்க் அட்லாண்டிக்கைத் தாண்டப் புறப்பட்டதைச் சத்தத்தோடு பிடித்ததும் மௌனப்படத்தின் மவுசு சரிந்தது. தியேட்டரில் காட்டியது சில நிமிடம். வெட்டி ஒதுக்கியது ஏராளம். அந்த ஒதுக்கலையும் தூக்கிப் போடாமல் வைத்திருந்து, 1980-ல் தென் கரோலினா பல்கலைக்கழகத்திடம் ஒப்படைத்தார்கள். புண்ணியவான்கள். அதிபரைப் பற்றிப் படிக்கப் புத்தகம் உண்டு. அவர் பின்னால் நின்ற கூட்டத்தின் தொப்பிக்கும், கேமராவைப் பார்த்து இளித்த பொடியனுக்கும் அந்த ரீல்தான் சாட்சி.

நமக்கு அப்படி அதிகம் மிஞ்சவில்லை. தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமான நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' கூடப் போய்விட்டது.

எங்கள் சேலத்தில் கேமராவுக்கா பஞ்சம்? திருச்செங்கோட்டுக்காரர் டி.ஆர்.சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ், ஏற்காடு அடிவாரத்தில் நூறு படங்களுக்கு மேல் எடுத்த ஸ்டுடியோ. அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கனே இங்கே வந்து 'மந்திரிகுமாரி'யை (1950) இயக்கினார். ஆனால் அந்தக் கேமராக்கள் அரண்மனை செட்டையே சுற்றின. செவ்வாய்ப்பேட்டை மண்டியும் அம்மாப்பேட்டைத் தறிக்குழியும் யாருக்கு வேண்டும்?

எங்கள் பக்கத்து நியூஸ்ரீல், எண்பதுகளுக்குப் பிறகு வந்த கல்யாண கேசட்தான். முகூர்த்தத்துக்கு நேரம் இருக்கிறதே என்று வீடியோக்காரர் கேமராவைத் தெருப்பக்கம் திருப்புவார். பாடி கட்டி வந்த புது லாரி, குமாரபாளையம் பவர்லூம் கொட்டகை, பந்திக்கு இலை போடும் பையன், சீர்த்தட்டு தூக்கி வரும் அத்தைமார், அன்றைய விலை எழுதிய கடைப் பலகை என அத்தனையும் சிக்கும். மாப்பிள்ளை பெண்ணைவிட அதுதான் இன்று பொக்கிஷம் என்பேன், சம்பந்திகள் கோபித்துக்கொள்ளட்டும்.

ஆனால் காந்த நாடாவுக்கு ஆயுசு குறைவு. ஈரம் பட்டால் பூஞ்சை பிடிக்கும். போட்டுப் பார்க்கும் டெக்கும் அருகிவிட்டது. ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016-ல் வி.சி.ஆர். தயாரிப்பையே நிறுத்திவிட்டது. பரணில் கேசட் இருந்தால் இந்த மாதமே இறக்கி, டிஜிட்டலுக்கு மாற்றக் கொடுங்கள். "தெருவையெல்லாம் வெட்டிடலாங்களா?" என்று ஸ்டுடியோக்காரர் கேட்பார். வேண்டாம் என்று சொல்லுங்கள். ஊர், வருஷம், தெரிந்த முகங்களின் பெயர் மூன்றையும் ஒரு தாளில் எழுதிக் கூடவே வையுங்கள்.