ஒன்பது போட்டு ஆரம்பித்த கணக்கு!

கல்ஃபில் வேலை பார்க்கும் மச்சானை வழியனுப்ப ஏர்போர்ட் போனவர்கள், கத்தார் ஏர்வேஸ் விமானத்தின் வாலைப் பார்த்திருப்பீர்கள். நீண்ட கொம்போடு ஒரு மிருகத்தின் தலை. 'ஏதோ ஆடு போலிருக்கு' என்றுதான் ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆடு இல்லையாம். ஓரிக்ஸ்! அரேபியப் பாலைவனத்துப் பிராணி. அரபியில் 'மஹா' என்பார்கள்.

வெள்ளை வெளேரென்று உடம்பு, கறுத்த கால், ஈட்டி மாதிரி இரண்டு கொம்பு. பக்கவாட்டில் பார்த்தால் இரண்டும் ஒன்றாகத் தெரியும். ஒற்றைக்கொம்புக் குதிரைக் கதையே இதைப் பார்த்துத்தான் பிறந்தது என்று சொல்பவர்களும் உண்டு. குடிக்கத் தண்ணீர் இல்லாமல் வாரக்கணக்கில் தாக்குப் பிடிக்கும். பனித்துளியும் புல்லில் இருக்கிற ஈரமும் போதும். நம் வீட்டில் ரெண்டு நாள் குழாயில் வராவிட்டால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்!

வெயிலைத் தாங்கிய பிராணியால் ஜீப்பைத் தாங்க முடியவில்லை. ஒட்டகத்தில் போய், தடம் பார்த்து, ஒன்றிரண்டைச் சுட்ட காலம் ஒன்று இருந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு மோட்டார் வண்டியும் தானியங்கித் துப்பாக்கியும் வந்தன. ஒளிய ஒரு மரம்கூட இல்லாத சமவெளியில் பாவம், எங்கே ஓடும்?

1962-ல் லண்டனைச் சேர்ந்த ஃபானா பிரிசர்வேஷன் சொஸைட்டி 'ஆபரேஷன் ஓரிக்ஸ்' என்று ஒரு படையை அனுப்பியது. தலைவர், கென்யாவின் தலைமை வனவிலங்கு அதிகாரி மேஜர் இயன் கிரிம்வுட். ஏடன் பகுதிப் பாலைவனத்தில் அலையோ அலை என்று அலைந்து பிடித்தது நான்கு. அதிலும் ஒன்று செத்துப்போனது. மிச்சம் மூன்று.

மூன்றை வைத்துக்கொண்டு என்ன பண்ணுவது? கைமாற்றுக்குப் போனார்கள். லண்டன் மிருகக்காட்சி சாலை ஒன்று கொடுத்தது. குவைத் ஷேக் ஒருவர் ஒன்று. சவூதி மன்னர் நான்கு. ஆக ஒன்பது! அரபு நாட்டு வெயில் மாதிரியே அடிக்கும் என்பதால் அமெரிக்காவில் அரிசோனாவின் ஃபீனிக்ஸ் மிருகக்காட்சி சாலையில் கொண்டுபோய் வைத்தார்கள்.

அந்தக் கூட்டத்துக்கு வைத்த பெயர் 'உலக மந்தை'. எந்த ஒரு நாட்டுக்கும் சொந்தமில்லை, பார்த்துக்கொள்ள டிரஸ்டிகள். பி.காம். படித்த எனக்கு இந்த இடம் ரொம்பப் பிடிக்கிறது. முதல் ஒன்பது, குட்டிகள்தான் வட்டி. பெருகப் பெருக வேறு ஊர்களுக்கும் பிரித்து அனுப்பினார்கள். ஒரு இடத்தில் சீக்கு வந்தால் மொத்தமும் போய்விடக் கூடாதில்லையா?

பிரித்து வைத்தது நல்லதாகப் போயிற்று. 1972 அக்டோபரில், ஓமான் நாட்டின் ஜித்தத் அல் ஹராசிஸ் என்ற கற்பாலையில் மிஞ்சியிருந்த கடைசிக் கூட்டமும் வேட்டையில் போனது. திறந்த வெளியில் இருப்பு: பூஜ்யம்.

பத்து வருஷம் கழித்து, 1982 ஜனவரியில், அதே இடத்தில் பத்து ஓரிக்ஸ்களைத் திறந்துவிட்டார்கள். அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்து பழக்கியவை. காவலுக்கு அந்த மண்ணின் ஹராசிஸ் பழங்குடியினரே. 1994-ல் யுனெஸ்கோ அந்த இடத்தை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. 1996-ல் சுமார் 450 உருப்படி. சுபம் போட்டுவிடலாம் என்கிறீர்களா? பொறுங்கள் சார்.

அதே 1996-ல் திருட்டு ஆரம்பித்தது. இந்த முறை துப்பாக்கி இல்லை. உயிரோடு பிடித்துப் போனார்கள். பணக்காரர்களின் சொந்தப் பண்ணைகளில் ஓரிக்ஸ் வைத்திருப்பது ஒரு கௌரவம். வாங்க ஆள் இருந்தால் விற்க ஆள் வராமலா போவான்? அதிகம் போனது பெட்டைகளும் குட்டிகளும். வட்டியை மட்டுமல்ல, முதலையே தூக்கிக்கொண்டு போனார்கள்! வேடிக்கை என்னவென்றால், அன்று கைகொடுத்ததும் இதே மாதிரி அரண்மனைப் பண்ணைகள்தான்.

2007-ல் 65 உருப்படிதான் மிச்சம். குட்டி போடக்கூடிய ஜோடி நான்கு. சரணாலயத்தின் பரப்பையும் ஓமான் 90 சதவீதம் குறைத்துவிட்டது. யுனெஸ்கோ பட்டியலிலிருந்து பெயரை அடித்தது. அந்தப் பட்டியலிலிருந்து ஒரு இடம் நீக்கப்பட்டது அதுவே முதல் தடவை.

நல்லவேளை, வேறு கிளைகளிலும் கணக்கு இருந்தது. சவூதி 1990-ல் வேலி போட்ட மஹாஸாத் அல் சயத் காப்பகத்திலும், 1995-ல் உருக் பனி மஆரித் பாலைவனத்திலும் ஓரிக்ஸ்களை விட்டிருந்தது. மற்ற நாடுகளும் சேர்ந்துகொண்டன. 2011-ல் திறந்த வெளியில் சுமார் ஆயிரம். 'இயற்கையில் அழிந்தது' என்று எழுதப்பட்ட ஒரு பிராணி மூன்று படி மேலேறி வந்தது உலகத்தில் அதுவே முதல் முறை. உருக் பனி மஆரித் 2023-ல் யுனெஸ்கோ பட்டியலிலும் ஏறிவிட்டது.

2022 டிசம்பரில் மான்ட்ரியலில் உலக நாடுகள் கூடி, 2030-க்குள் நிலத்திலும் கடலிலும் 30 சதவீதத்தைப் பாதுகாப்பதாக ஒப்புக்கொண்டன. நல்ல விஷயம்தான். ஆனால் ஓமானில் ஓரிக்ஸ் திருடு போனபோதும் அந்த இடம் யுனெஸ்கோ பட்டியலில் பத்திரமாகத்தான் இருந்தது! லெட்ஜரில் எழுதிவிட்டால் பெட்டியில் பணம் இருக்கிறது என்று அர்த்தமா? ராத்திரி பெட்டிக்குப் பக்கத்தில் யார் படுத்திருக்கிறார், திருட்டுச் சரக்கை யார் வாங்குகிறார்... இந்த இரண்டையும் பார்க்காத கணக்கு ஒருநாள் உதைக்கும்.

அடுத்த தடவை மச்சான் வரும்போது அந்த வாலைக் கொஞ்சம் பார்க்கச் சொல்லுங்கள். 'ஆடு' என்று சொன்னால் சும்மா விடாதீர்கள். உட்கார வைத்து முழுக் கணக்கையும் சொல்லுங்கள்!