ஹோசே மரியா கார்சியா: ஸ்பெயினின் நள்ளிரவு விளையாட்டுக் குரல்

ஹோசே மரியா கார்சியா ஸ்பெயின் நாட்டின் விளையாட்டு இதழியலாளரும் வானொலி ஒலிபரப்பாளரும் ஆவார். மாட்ரிட் நகரில் பிறந்தவர். 1970களின் தொடக்கம் முதல் 2002 வரை, நான்கு வானொலி நிலையங்களில், இரவு நேர விளையாட்டு நிகழ்ச்சிகளை நடத்தியவர். ஆட்டத்தின் முடிவைச் சொல்வதோடு நின்றிருந்த விளையாட்டுச் செய்தியை, ஆட்டத்தை நிர்வகிப்பவர்களைக் கேள்வி கேட்கும் துறையாக மாற்றியவர் என்று இவரைப் போற்றுவோர் உண்டு. கேள்வியோடு வசையையும் சேர்த்து வானொலியில் புகுத்தியவர் என்று குறை கூறுவோரும் உண்டு. இரண்டு கூற்றுகளுக்கும் ஆதாரம் இருப்பதால்தான் இவருடைய பணிவாழ்க்கை இன்றும் பேசப்படுகிறது.

பின்னணி: பிராங்கோ காலத்து வானொலி

கார்சியாவின் வளர்ச்சியைப் புரிந்துகொள்ள, அன்றைய ஸ்பெயின் வானொலியின் நிலையை அறிவது அவசியம். 1936 முதல் 1939 வரை நடந்த உள்நாட்டுப் போருக்குப் பின் தளபதி பிராங்கோவின் ஆட்சி நிலைபெற்றது. தனியார் வானொலி நிலையங்கள் இயங்க அனுமதி இருந்தது. ஆனால் செய்தி ஒலிபரப்பும் உரிமை அரசு வானொலியான ஸ்பெயின் தேசிய வானொலிக்கு மட்டுமே இருந்தது. குறிப்பிட்ட நேரங்களில் எல்லா நிலையங்களும் தங்கள் நிகழ்ச்சிகளை நிறுத்திவிட்டு அரசுச் செய்தியை அப்படியே அஞ்சல் செய்ய வேண்டும். இந்தச் செய்தி அறிக்கையை மக்கள் 'எல் பார்த்தே' என்று அழைத்தனர். போர்க்கால அறிக்கைகளுக்கு வழங்கிய பெயர் அது. போர் முடிந்து பல ஆண்டுகள் கடந்த பின்னும் பெயர் மாறவில்லை.

1975 நவம்பரில் பிராங்கோ இறந்தார். 1977 அக்டோபரில்தான் இந்தக் கட்டாய அஞ்சல் முறை நீக்கப்பட்டது. அதுவரை தனியார் நிலையங்கள் அரசியலை நேரடியாகத் தொட முடியாது. நாடகம், இசை, போட்டி நிகழ்ச்சிகள், விளையாட்டு ஆகியவையே அவற்றின் களம். எனவே திறமையுள்ள இளம் இதழியலாளர் பலருக்கு விளையாட்டு ஒரு திறந்த வாசலாக இருந்தது.

ஸ்பெயினில் விளையாட்டு வானொலிக்கு ஏற்கெனவே ஒரு மரபு இருந்தது. 1950 உலகக் கோப்பையில், பிரேசிலின் மரக்கானா அரங்கில் இங்கிலாந்துக்கு எதிராகச் சார்ரா அடித்த கோலை வர்ணித்த மத்தியாஸ் பிராத்ஸின் குரலை ஒரு தலைமுறையே நினைவில் வைத்திருந்தது. 1950களில் காதேனா செர் வானொலி தொடங்கிய 'கர்ருசேல் தெபோர்த்தீவோ' நிகழ்ச்சி, ஞாயிறு மாலைகளில் நாடெங்கும் நடக்கும் ஆட்டங்களை ஒரே ஒலிபரப்பில் இணைத்தது. இவை ஆட்டத்தைக் கொண்டாடிய நிகழ்ச்சிகள். ஆட்டத்துக்குப் பின்னால் பணத்தையும் பதவியையும் கையாண்டவர்களைப் பற்றிப் பேசும் நிகழ்ச்சி அப்போது இல்லை.

தொடக்கம்

கார்சியா இளம் வயதிலேயே இதழியலுக்கு வந்தார். மாட்ரிட்டில் வெளிவந்த 'புவேப்லோ' நாளிதழில் பணியாற்றினார். பரபரப்பான செய்திகளை முந்தித் தரும் செய்தியாளர்களுக்குப் பெயர் பெற்ற இதழ் அது. செய்தியை நேரில் சென்று எடுப்பது, தொலைபேசியில் விடாமல் துரத்துவது, பிறருக்கு முன் சொல்வது ஆகிய பழக்கங்கள் அவருக்கு அச்சு இதழிலிருந்தே வந்தவை.

1972இல் காதேனா செர் வானொலியில் 'ஓரா 25' என்ற இரவு நிகழ்ச்சி தொடங்கியது. இதை உருவாக்கியவர் மனுவேல் மார்த்தின் ஃபெர்ராந்த். 'ஓரா 25' என்றால் 'இருபத்தைந்தாம் மணி' என்று பொருள். நாளின் இருபத்து நான்கு மணி நேரமும் முடிந்த பின் வரும் நிகழ்ச்சி என்பது அதன் குறிப்பு. இதன் விளையாட்டுப் பகுதி கார்சியாவிடம் ஒப்படைக்கப்பட்டது.

நள்ளிரவில் யார் வானொலி கேட்பார்கள் என்ற ஐயம் எழலாம். ஸ்பெயின் மக்கள் இரவு உணவை ஒன்பது, பத்து மணிக்கு உண்பவர்கள். படுக்கைக்குச் செல்லும் நேரம் நள்ளிரவை ஒட்டி வரும். டிரான்சிஸ்டர் பெட்டி மலிவாகி, வீட்டுக் கூடத்திலிருந்து படுக்கையறைக்குச் சென்றிருந்த காலம் அது. தலையணைக்கு அடியில் பெட்டியை வைத்துக்கொண்டு கேட்டவர்கள் ஏராளம். லாரி ஓட்டுநர்கள், இரவுக் காவலர்கள், பேக்கரித் தொழிலாளர்கள் ஆகியோருக்கும் இதுவே துணை. காலையில் அலுவலகத்திலும் மதுக்கடையிலும் பேசப்படும் செய்தியை முந்தைய நள்ளிரவே முடிவு செய்தது.

கார்சியாவின் பாணி

'இனிய இரவு, மனமார்ந்த வணக்கங்கள்' என்ற பொருள்படும் முகமனோடு அவர் நிகழ்ச்சியைத் தொடங்குவார். குரல் மென்மையானதன்று, வேகமும் அழுத்தமும் கொண்டது. முக்கியமான தகவல் வருமுன் 'இந்தத் தகவலைக் கவனியுங்கள்' என்ற பொருளில் 'ஓஹோ அல் தாத்தோ' என்பார். இந்தத் தொடர் பின்னர் மக்களின் அன்றாடப் பேச்சிலும் கலந்தது.

அவருடைய முதன்மையான குறி விளையாட்டு நிர்வாகிகள். 1975 முதல் 1984 வரை ஸ்பெயின் கால்பந்துக் கூட்டமைப்பின் தலைவராக இருந்தவர் பாப்லோ போர்த்தா. அவரைக் கார்சியா ஒவ்வோர் இரவும் 'பாப்லோ, பாப்லீத்தோ, பாப்லேத்தே' என்று அழைத்தார். ஒரு சிறுவனின் பெயரைச் செல்லமாகச் சுருக்கி அழைப்பது போன்ற இந்த அழைப்பு, தேசியக் கூட்டமைப்பின் தலைவரைக் கேலிப்பொருளாக்கியது.

அவர் பயன்படுத்திப் பரவலாக்கிய வசைச்சொற்களும் பல. 'சுபோப்தெரோ' என்பது அவற்றுள் ஒன்று. உறிஞ்சுதல் என்ற வினைச்சொல்லோடு, பூச்சியினங்களின் அறிவியல் பெயர்களில் வரும் விகுதியைச் சேர்த்து அமைந்த சொல் இது. வேலை செய்யாமல் பொதுப் பணத்தில் வாழ்பவரைக் குறிக்கும். 'அப்ராசாஃபரோலாஸ்' என்பது மற்றொன்று. 'தெருவிளக்குக் கம்பத்தைக் கட்டிப்பிடிப்பவர்' என்பது அதன் நேர்ப்பொருள்.

இந்த நையாண்டிக்குப் பெரும் வரவேற்பு இருந்ததற்குக் காரணம் உண்டு. ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் அதிகாரத்தில் இருந்தவர்களைப் பெயர் சொல்லி விமர்சிக்க முடியாதிருந்த சமூகம் அது. ஒரு தலைவரை, அவர் கால்பந்துத் தலைவராகவே இருந்தாலும், வானொலியில் ஒருவர் கணக்குக் கேட்பதைக் கேட்கும் மகிழ்ச்சி புதியது.

1981 பிப்ரவரி 23

கார்சியாவின் பெயர் விளையாட்டைத் தாண்டி நிலைத்தது ஓர் அரசியல் நிகழ்வினால். 1981 பிப்ரவரி 23 மாலை, புதிய பிரதமராக லெயோபோல்தோ கால்வோ சோத்தேலோவைத் தேர்ந்தெடுக்க மாட்ரிட் நாடாளுமன்றத்தில் வாக்கெடுப்பு நடந்துகொண்டிருந்தது. துணைத் தளபதி அந்தோனியோ தெஹேரோ தலைமையில் ஆயுதம் தாங்கிய சிவில் காவல் படையினர் அவைக்குள் புகுந்து உறுப்பினர்களைப் பிணையாகப் பிடித்தனர். துப்பாக்கிச் சூட்டின் ஓசை காதேனா செர் வானொலியின் நேரடி ஒலிபரப்பில் நாடெங்கும் கேட்டது. அரசு வானொலி, தொலைக்காட்சி நிலையத்தைச் சிறிது நேரம் படைவீரர்கள் கைப்பற்றினர்.

அன்றிரவு கார்சியா நாடாளுமன்றத்தின் எதிரே காதேனா செர்ரின் ஒலிபரப்பு வண்டியோடு நின்று, வண்டிக் கூரையின் மீதேறித் தாம் காண்பதை வர்ணித்தார். யார் வருகிறார்கள், யார் போகிறார்கள், படையினர் எங்கே நிற்கிறார்கள் என்பதை மைதானத்தில் ஆட்டத்தைச் சொல்வதுபோல் சொன்னார். வெறும் கண்ணால் கண்டதை உடனுக்குடன் சொற்களில் தருவது விளையாட்டு வர்ணனையாளரின் அடிப்படைப் பயிற்சி. அன்று அந்தப் பயிற்சி நாட்டுக்கே பயன்பட்டது.

நள்ளிரவு தாண்டி ஒரு மணியளவில் அரசர் ஹுவான் கார்லோஸ் தொலைக்காட்சியில் தோன்றி அரசியலமைப்பின் பக்கம் நிற்பதாக அறிவித்தார். மறுநாள் கலகம் முடிவுக்கு வந்தது. மக்கள் பெட்டியை விட்டு அகலாமல் கழித்த அந்த இரவு, ஸ்பெயின் வரலாற்றில் 'டிரான்சிஸ்டர்களின் இரவு' என்று வழங்கப்படுகிறது.

ஆந்தேனா 3 முதல் ஓந்தா சேரோ வரை

1982இல் கார்சியா காதேனா செர்ரை விட்டு, புதிதாகத் தொடங்கப்பட்ட ஆந்தேனா 3 வானொலிக்குச் சென்றார். அதன் பொறுப்பில் இருந்தவர் அவருடைய பழைய இயக்குநர் மார்த்தின் ஃபெர்ராந்த். இங்குதான் 'சூப்பர்கார்சியா' என்ற பெயரில் நிகழ்ச்சி நிலைபெற்றது. நேயர்கள் நிலையத்தைப் பின்தொடரவில்லை, குரலைப் பின்தொடர்ந்தனர். ஒலிபரப்பாளர் ஒருவர் இடம் மாறினால் நேயர் கூட்டமும் விளம்பர வருவாயும் இடம் மாறும் என்ற பாடத்தை ஸ்பெயின் வானொலி நிறுவனங்கள் அப்போது கற்றன.

இதே காலத்தில் அவர் சைக்கிள் பந்தயத்தையும் வளர்த்தார். 'வுவேல்தா' எனப்படும் ஸ்பெயின் சுற்றுப் பந்தயம் ஏறத்தாழ மூன்று வாரம் நாடெங்கும் நடைபெறுவது. கால்பந்தைப் போல ஒரே மைதானத்தில் அமர்ந்து இதை வர்ணிக்க முடியாது. மோட்டார் சைக்கிள்களிலும் கார்களிலும் குழுவினரை அனுப்பி, மலைப்பாதையின் பல இடங்களிலிருந்து வரும் குரல்களைக் கார்சியா ஒரே ஒலிபரப்பாகக் கோத்தார். நள்ளிரவு நிகழ்ச்சியிலும் அன்றைய கட்டத்தைப் பற்றிய உரையாடல் தொடரும்.

1992இல் ஆந்தேனா 3 வானொலியின் கட்டுப்பாடு, காதேனா செர்ரின் உரிமையாளரான பிரிசா குழுமத்திடம் சென்றது. அதன் முன்னணி ஒலிபரப்பாளர்கள் சிலர் வெளியேறி, கத்தோலிக்கத் திருச்சபையின் உரிமையிலுள்ள கோப்பே வானொலிக்குச் சென்றனர். கார்சியாவும் அவர்களுள் ஒருவர். 2000இல் அவர் ஓந்தா சேரோ நிலையத்துக்கு மாறினார். 2002இல் ஒலிபரப்பிலிருந்து விலகினார்.

விமர்சனமும் வசையும்: நீதிமன்றத் தீர்ப்பு

1978ஆம் ஆண்டின் ஸ்பெயின் அரசியலமைப்பு, 20ஆம் பிரிவில் கருத்துச் சுதந்திரத்தை உறுதி செய்கிறது. அதே பிரிவு, தனிமனிதரின் நன்மதிப்பு அந்தச் சுதந்திரத்துக்கு ஓர் எல்லை என்றும் கூறுகிறது. இந்த இரண்டுக்கும் நடுவே கோடு எங்கே என்பதைத் தெளிவுபடுத்திய வழக்குகளில் கார்சியாவின் வழக்கும் ஒன்று.

கால்பந்து நிர்வாகியாகவும் மக்கள் பிரதிநிதியாகவும் இருந்த ஒருவரைப் பற்றி அவர் வானொலியில் கூறியவற்றுக்காக நீதிமன்றம் அவரைக் குற்றவாளி எனத் தீர்த்தது. அவர் அரசியலமைப்பு நீதிமன்றத்தை அணுகினார். 1990இல் வந்த தீர்ப்பு அவருக்குச் சாதகமாக அமையவில்லை. பொது வாழ்வில் இருப்பவரின் செயலைக் கடுமையாக விமர்சிக்கும் உரிமை உண்டு. ஆனால் கருத்தை விளக்கத் தேவையற்ற இழிசொற்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை என்பது அதன் சாரம். ஸ்பெயினின் சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கும் தீர்ப்புகளுள் இதுவும் ஒன்று.

தே லா மொரேனாவுடன் போட்டி

1989இல் காதேனா செர், 'எல் லார்கேரோ' என்ற நள்ளிரவு விளையாட்டு நிகழ்ச்சியைத் தொடங்கியது. கோல் கம்பங்களின் மேல் குறுக்காக உள்ள கம்பத்தின் பெயர் இது. நடத்தியவர் மாட்ரிட்டை அடுத்த புருனேத்தே ஊரைச் சேர்ந்த ஹோசே ரமோன் தே லா மொரேனா. இவருடைய பேச்சு நிதானமானது. வீரர்களோடு நெருங்கிப் பேசி, அவர்களுடைய குடும்பம், இளமை, தோல்வி ஆகியவற்றைச் சொல்ல வைப்பார். தீர்ப்பு வழங்கும் குரலுக்குப் பழகியிருந்த நேயர்களுக்கு, கதை கேட்கும் குரல் புதுமையாக இருந்தது.

இருவரும் ஒரே நேரத்தில் ஒலிபரப்பியதால் போட்டி கடுமையாயிற்று. ஒரு வீரர் முதலில் யாருடைய நிகழ்ச்சிக்குத் தொலைபேசியில் வருகிறார் என்பதே செய்தியாயிற்று. ஒருவருக்கு நெருக்கமானவர் மற்றவருக்கு எதிரியாகக் கருதப்பட்டார். வானொலி நேயர் கணக்கெடுப்பில் 1995இல் 'எல் லார்கேரோ' முன்னிலை பெற்றது. கார்சியா அதன் பின் அந்த இடத்தை மீட்கவில்லை.

தே லா மொரேனா 2016 வரை காதேனா செர்ரிலும், பின்னர் ஓந்தா சேரோவிலும் பணியாற்றி, 2021இல் ஓய்வு பெற்றார். இருவருக்கும் இடையிலான பகை பிற்காலத்தில் தணிந்தது. அந்தக் காலத்தின் போட்டியைத் தழுவி, 'ரேயெஸ் தே லா நோச்சே' என்ற கற்பனைத் தொடர் 2021இல் வெளியானது. 'இரவின் அரசர்கள்' என்பது அதன் பொருள்.

மதிப்பீடு

கார்சியாவிடமிருந்து ஸ்பெயின் வானொலி பெற்றவை இரண்டு. விளையாட்டு நிர்வாகம் பொதுமக்களுக்குக் கணக்குக் காட்ட வேண்டிய துறை என்ற எண்ணம் ஒன்று. நள்ளிரவு விளையாட்டு நிகழ்ச்சி என்ற வடிவம் மற்றொன்று. இன்றும் அந்நாட்டின் முன்னணி நிலையங்கள் நள்ளிரவை ஒட்டி விளையாட்டு நிகழ்ச்சி நடத்துகின்றன. ஒலிபரப்பாளர் மாறும்போது நேயர்களும் மாறும் வழக்கமும் தொடர்கிறது. 2010இல் பாக்கோ கோன்சாலெஸும் அவருடைய குழுவினரும் காதேனா செர்ரிலிருந்து கோப்பேக்குச் சென்றபோது அது மீண்டும் காணப்பட்டது.

அவருடைய குறையும் இதே பணியில்தான் இருக்கிறது. நிர்வாகியின் செயலைக் கேள்வி கேட்பதற்கும் நிர்வாகியை இழிவுபடுத்துவதற்கும் உள்ள வேறுபாட்டை அவர் பல இரவுகளில் மறந்தார். சரியான கேள்வியோடு கலந்து வந்த வசை, கேள்வியின் வலிமையையே குறைத்தது. தமக்குக் கிடைத்த பேச்சுரிமையைப் பயன்படுத்தக் கற்றுக்கொண்டிருந்த ஒரு நாட்டில், அந்த உரிமையின் பயனையும் எல்லையையும் ஒருங்கே காட்டும் சான்றாகக் கார்சியாவின் முப்பது ஆண்டுப் பணி அமைந்துள்ளது.