‘மிஷன்’ என்னும் சொல்

சென்ற கோடை விடுமுறையில் யாம் எம் ஊராகிய ஈரோட்டிற்குச் சென்றிருந்தபொழுது, அண்டை வீட்டில் வாழும் முதியவர் ஒருவர் எம்மை ஒரு வினாக் கேட்டார். அவர் தம் வாழ்நாளெல்லாம் தறியில் உழைத்தவர். பள்ளிக்கூடத்து வாயிலை மிதித்தறியாதவர். “தம்பி, நீங்க படிக்கறது மிஷன் காலேஜுன்னு உங்கய்யன் சொன்னாருங்க. அங்க எந்த மிஷின் ஓட்டக் கத்துக் குடுக்கறாங்க?” என்பதே அவ்வினா.

விசைத்தறியின் ஓசை இரவும் பகலும் ஓயாத ஊரில் வாழ்வார் செவிக்கு ‘மிஷன்’ என்பதும் ‘மிஷின்’ என்பதும் ஒன்றாகவே ஒலித்தல் வியப்பன்று. யாம் முதலில் நகைத்தோம். பின்னர் அச்சொல்லின் பொருளை அவருக்குத் தமிழில் எடுத்துரைக்கப் புகுந்தோம், நா எழவில்லை. “கிறிஸ்தவங்க நடத்தற காலேஜுங்க” என்று கூறி அமைந்தோம். அவரும் தலையசைத்துத் தம் வேலையை நோக்கினார். யாம் கூறியது கல்லூரியை நடத்துவார் இன்னார் என்பதேயன்றிச் சொல்லின் பொருளன்று. தமிழ்ச் சிறப்பு வகுப்பில் ஈராண்டு பயின்றும், நாடோறும் எம் நாவில் வழங்கும் ஒரு சொல்லுக்குப் பொருள் கூற இயலாமற் போனமை எம் உள்ளத்தை உறுத்தியது. அவ்வுறுத்தலின் பயனே இக்கட்டுரை.

‘மிஷன்’ என்னும் ஆங்கிலச் சொல் இலத்தீன் மொழியினின்றும் போந்தது. அம்மொழியில் ‘மித்தெரே’ என்னும் வினைக்கு ‘அனுப்புதல், விடுத்தல்’ என்பது பொருள். அதனடியாகப் பிறந்த ‘மிஸ்ஸியோ’ என்னும் பெயர், அனுப்புகையையும், போர்வீரனைச் சேவையினின்றும் விடுவித்தலையும் ஒருங்கே உணர்த்தியது. பிற்காலத்துச் சமய அறிஞர், பிதாவானவர் குமாரனை உலகிற்கு அனுப்பினமையைக் குறித்தற்கு இச்சொல்லை வழங்கினர். 16-ஆம் நூற்றாண்டில், 1540-இல் போப்பாண்டவரின் ஒப்புதல் பெற்ற இயேசு சபையார், தம் துறவியரைத் தொலைநாடுகட்கு அனுப்புதலை இச்சொல்லாற் குறிக்கவே, இன்று நாம் வழங்கும் பொருள் நிலைபெறுவதாயிற்று. முதலில் அனுப்புதலாகிய செயலைக் குறித்த சொல், பின்னர் அனுப்பப்பட்ட கூட்டத்தையும், அக்கூட்டத்தார் மேற்கொண்ட பணியையும், அவர் தங்கிய இடத்தையும், ஈற்றில் அவர் எழுப்பிய கட்டடத்தையும் குறிக்கலாயிற்று. ‘மிஷன் ஆஸ்பத்திரி’, ‘மிஷன் காம்பவுண்டு’ என்னும் வழக்குகளைக் காண்க. செயலிற் பிறந்த சொல் சுவரில் வந்து நின்றது.

இச்சொல்லின் சுற்றம் பெரிது. திருமுகத்தைக் குறிக்கும் ‘மிஸிவ்’, செய்தியாகிய ‘மெசேஜ்’, எறிபடையாகிய ‘மிஸைல்’, பணம் அனுப்புதலாகிய ‘ரெமிட்டன்ஸ்’ என்பன யாவும் ஒருதாய் மக்களே. நாம் கல்லூரியிற் சேர்ந்தபொழுது பெற்ற ‘அட்மிஷன்’, விடுதியினின்றும் வெளியே செல்ல வேண்டி நிற்கும் ‘பெர்மிஷன்’ ஆகியனவும் அக்குடியினவே. இவ்வளவும் ஏன்? விடுதி மாணாக்கர் நாடோறும் குறைகூறும் ‘மெஸ்’ என்பதும், உணவுமேசைக்கு அனுப்பப்பட்ட பண்டம் என்னும் பொருளில் இவ்வேரினின்றே கிளைத்ததாகும்.

இனி, எம் ஊரார் நன்கறிந்த உறவுச்சொல் ஒன்றுண்டு. அது ‘கமிஷன்’ என்பது. ஈரோட்டு மஞ்சள் மண்டிக்கு உழவர் தம் விளைபொருளைக் கொணர்ந்து மண்டிக்காரரிடம் ஒப்படைப்பர். அவர் உழவர் சார்பில் நின்று விற்றுக் கொடுத்துத் தமக்குரிய கமிஷனைப் பெறுவார். இச்சொல்லின் முதற்பொருள் கூலியன்று. நம்பி ஒப்படைத்தல் என்பதே. மண்டிக்காரர் கையில் உள்ள மஞ்சள் அவருடையதன்று, வேறொருவருடையது. அதனை நன்முறையில் விற்று, உரியவருக்குக் கணக்குக் கொடுத்தல் அவர் கடன். அனுப்புவார், அனுப்பப்படுவார், ஒப்படைக்கப்பட்ட பொருள், அதனைப் பெறுவார் என்னும் நான்கும் கூடிய இடத்திலேயே ‘மிஷன்’ என்னும் சொல்லும் நிறைவுறும். இவற்றுள் ஒன்று குறையினும் அது வெற்றொலியாம் என்பது எம் கருத்து.

இச்சொல்லைத் தமிழாக்குவார் படும் இடர்ப்பாடு சிறிதன்று. 1942-இல் வந்த கிரிப்ஸ் மிஷனும் 1946-இல் வந்த காபினெட் மிஷனும் தமிழில் ‘தூதுக்குழு’ எனப்பட்டன. அயல்நாட்டு அரசின் மிஷனைத் ‘தூதரகம்’ என்கிறோம். 2014-இல் மத்திய அரசு தொடங்கிய ‘ஸ்வச் பாரத் மிஷன்’ தமிழில் ‘தூய்மை இந்தியா இயக்கம்’ ஆயிற்று. 2008-இல் நிலவை நாடிச் சென்ற சந்திரயானுக்குத் திட்ட இயக்குநராய் விளங்கியவர், பொள்ளாச்சியை அடுத்த கோதவாடியிற் பிறந்த மயில்சாமி அண்ணாதுரை அவர்கள். அவ்விண்கலச் செலவை ஆங்கிலத்தார் ‘மிஷன்’ என்ன, நம் பத்திரிகைகள் ‘திட்டம்’ என்று எழுதின. ஒருவன் தன் வாழ்வின் மிஷன் இது எனின், அதனை ‘இலட்சியம்’ என மொழிபெயர்க்கிறோம். 1897-இல் விவேகானந்த சுவாமிகள் நிறுவிய இராமகிருஷ்ண மிஷனோ மொழிபெயர்க்கப்படாமலே வழங்குகிறது. அவிநாசிலிங்கனார் 1930-இல் தொடங்கியதும், கோவையை அடுத்த பெரியநாயக்கன்பாளையத்தில் உள்ளதுமாகிய வித்தியாலயமும் அப்பெயரைத் தாங்கி நிற்கிறது. ஆதலின் இச்சொல் கிறிஸ்தவர்க்கே உரியதென எண்ணுதல் பிழையாம்.

குழு, இயக்கம், திட்டம், இலட்சியம் என்னும் இவையெல்லாம் பயன்படு சொற்களே. ஆயினும், அனுப்பினவர் ஒருவர் உளர் என்னும் குறிப்பு இவற்றுள் இல்லை. திட்டத்தை நாமே வகுக்கலாம். இலட்சியத்தை நாமே தெரிந்துகொள்ளலாம். மிஷனை மட்டும் ஒருவன் தனக்குத் தானே அளித்துக்கொள்ள இயலாது. அக்குறிப்பைத் தன்னகத்தே கொண்ட தமிழ்ச்சொல் ஒன்றே. அது ‘தூது’ என்பதாம்.

தூது என்னும் சொல்லும் பொருளும் தமிழர்க்குப் பழையன. தலைவன் தலைவியைப் பிரிதற்குரிய காரணங்களைக் கூறப்புகுந்த தொல்காப்பியனார், ஓதலையும் பகையையும் தூதையும் ஒருசேர எண்ணினர். கற்கச் செல்வானும் தூது செல்வானும் ஒரே வரிசையில் நிற்றல் மாணாக்கராகிய நாம் கருதத்தக்கது. கொங்கிற்கு வடக்கே தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சி, தொண்டைமானிடம் ஔவையாரைத் தூது விடுத்த செய்தியைப் புறநானூறு உணர்த்தும். படைக்கலங்களைக் காட்டிச் செருக்கிய வேந்தன்முன், படையேதுமின்றிச் சொல்லொன்றையே துணையாகக் கொண்டு நின்றார் அம்மூதாட்டியார். பிற்காலப் புலவரோ அன்னத்தையும் கிளியையும் நெஞ்சையும் தூது விடுத்தனர். அவருள் ஒருவர் தமிழையே தூதாக விடுத்தார்.

திருவள்ளுவர் தூதிற்கென 69-ஆம் அதிகாரத்தை வகுத்தார். அதற்கு உரை கண்ட பரிமேலழகர், தூதர் இருவகையர் என்பர்: சூழ்நிலை அறிந்து தாமே வகுத்துக் கூறுவார் ஒரு சாரார், தமக்குக் கூறப்பட்டதை அவ்வாறே கூறுவார் மற்றொரு சாரார். பின்னவர்க்கு நினைவாற்றலும் அச்சமின்மையும் போதும். முன்னவர்க்கோ, தாம் சென்ற நாட்டின் இயல்பும், கேட்பார் உள்ளமும், காலமும் இடமும் அறியும் அறிவு வேண்டும். அன்பே தூதனின் முதற்பண்புகளுள் ஒன்றென வள்ளுவர் கூறுதலும் நினையத்தக்கது.

இவ்வுரைகல்லைக் கொண்டு கொங்கு நாட்டு மிஷன் வரலாற்றைச் சிறிது உரைத்துப் பார்ப்போம். 1795-இல் தோன்றிய இலண்டன் மிஷனெரி சங்கத்தார் 1830-இல் கோயம்புத்தூருக்கு அடிஸ் ஐயரை அனுப்பினர். அச்சங்கத்தின் வழியே ஆஸ்திரேலிய நாட்டினின்றும் வந்த பிரப் ஐயர் ஈரோட்டைத் தம் ஊராகக் கொண்டார். 1933-ஆம் ஆண்டிற்குரிய பிரப் நினைவு ஆலயம் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. அதனை அடுத்த சாலையை இன்றும் பலர் பிரப் ரோடு என்றே வழங்குவர். நாள்தோறும் அச்சாலையில் நடப்பார், அப்பெயர் அனுப்பப்பட்ட ஒரு மனிதருடையது என்பதை எண்ணுவரோ அறியோம்.

ஈரோட்டிற் பணிபுரிந்த பாப்லி ஐயர் இன்னும் உற்றுநோக்கத்தக்கவர். தமிழர்க்குச் செய்தி சொல்ல அனுப்பப்பட்ட அவர், முதலில் தமிழரிடம் செவிசாய்த்தார். நம் இசையைக் கற்றார். கதாகாலட்சேப முறையைக் கைக்கொண்டு சுவிசேஷத்தைப் பாடினார். இந்திய இசையைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூலெழுதி 1921-இல் வெளியிட்டார். அதன்பின் 1931-இல், திருக்குறளினின்றும் தெரிந்தெடுத்த பாக்களை மொழிபெயர்த்து ஆங்கிலேயர் கையில் அளித்தார். மேனாட்டார் தமிழரிடம் விடுத்த தூதர், தமிழர் மேனாட்டாரிடம் விடுத்த தூதராகவும் ஆயினர். கூறியது கூறுவாராய் மட்டும் இருந்திருப்பின் இஃது இயன்றிராது.

வந்தவர் யாவரும் இத்தன்மையர் என்று யாம் கூறோம். கேளாமற் பேசினாரும், நம் முன்னோரை இருளில் இருந்தாராகவே எண்ணி இழித்துரைத்தாரும் உளர். அவர்க்கு முன்னும் பின்னும் வெயிலில் ஊரூராய் நடந்த உபதேசியார்களும், வீடுதோறும் சென்ற வேதாகம மாதர்களும் நம் நாட்டினரே. அவர்தம் பெயர்கள் எந்தச் சாலைக்கும் இடப்படவில்லை. அனுப்பப்பட்டார் என்றவுடன் கடல் கடந்து வந்தாரையே நினைத்தல் நம் குறைபாடு.

காலம் மாறிற்று. 1947-ஆம் ஆண்டு செப்டம்பர் 27-ஆம் நாள் தென்னிந்தியத் திருச்சபை தோன்றியபொழுது, இலண்டன் மிஷனைச் சார்ந்த சபைகளும் அதனுள் அடங்கின. பின்னர் அச்சங்கமும் தன் உருவை மாற்றிக்கொண்டது. 1977 முதல் அதன் வழிவந்த உலக மிஷன் பேரவையில், முன்பு அனுப்பிய சபைகளும் முன்பு பெற்ற சபைகளும் சமநிலையில் அமர்ந்து, ஒருவர்க்கொருவர் அனுப்பியும் பெற்றும் வருகின்றன. ஒருவழியாய் இருந்த பாதை இருவழியாயிற்று என்க.

அங்ஙனமாயின், அனுப்பினவர் திரும்பிச் சென்ற பின்னரும் நம் கல்லூரி ‘மிஷன் கல்லூரி’ எனப்படுதல் பொருந்துமோ? அனுப்பப்பட்டவர் கட்டியது என்னும் பொருளில் மட்டும் அதனை வழங்கின், அது கல்லறையின்மேற் பொறித்த பெயரை ஒக்கும். இங்கிருந்து அனுப்பப்படுவார் கற்கும் இடம் என்னும் பொருளில் வழங்கின், பெயர் உயிருடையதாகும். ஆண்டுதோறும் இவ்வாயில் வழியே வெளியேறுவார் பலர். பட்டம் பெற்று நீங்குதல் வேறு, அனுப்பப்படுதல் வேறு. நீங்குவான் தன் பொருட்டுச் செல்கிறான். அனுப்பப்படுவானோ பிறருடைய பொருளைத் தன் கையில் ஏந்திச் செல்கிறான். நாம் பெற்ற கல்வி மண்டிக்காரர் கையிலுள்ள மஞ்சள் போல்வது. கணக்குக் கேட்பார் உளர்.

கிறிஸ்துமஸ் விடுமுறையில் அம்முதியவரை மீண்டும் கண்டோம். பழைய வினாவை நினைவூட்டி, “மிஷின் இல்லைங்க, பெரியவரே. மிஷன்னா தூதுங்க. ஒருத்தரு இன்னொருத்தரை நம்பி அனுப்பறதுங்க. அப்படி அனுப்பறதுக்குத்தான் அங்க படிக்க வெக்கறாங்க” என்றோம். அவர் சிறிது எண்ணியிருந்து, “சரிங்க தம்பி. உங்களை யாருகிட்ட அனுப்பறாங்க?” என்றார்.

இவ்வினாவிற்கும் அன்று விடை கூற இயலவில்லை. ஆயினும் முன்போல் நகைத்திலேம். தறியின் முன் அமர்ந்திருந்த அவரையே நோக்கி நின்றோம். எழுத்தறியாத அவருக்கு நம் மொழியில் ஒரு சொல்லின் பொருளை உரைக்க ஈராண்டுக் கல்வி போதாதாயிற்று. நாம் அனுப்பப்படும் இடம் தொலைநாடாகவே இருத்தல் வேண்டுமென்பதில்லை. அண்டை வீடாகவும் இருக்கலாம். அன்பர்களே, இம்மலரைப் படித்து முடித்தபின் நீவிரும் அவ்வினாவை நும்மை நீரே வினவிக் கொள்ளுமாறு வேண்டுகிறோம்.